மூடாத சிறகு

பத்தாவது வரைதான் படித்தேன். நாலு பேர் முன்னால் பேசவே கூசுகிறவள் எழுத வந்திருக்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுகிறவள் நான். அதனால் நீங்கள் நம்பாவிட்டாலும் எனக்கு வருத்தமில்லை.

கேளம்பாக்கத்தில் ஜெராக்ஸ், டிடிபி கடை வைத்திருக்கிறேன். கடையில் என்னோடு இருந்து படம் வரைந்த என் தம்பி அருள் இப்போது உயிரோடு இல்லை. அவன் மகள் ஜெனிக்குக் கல்யாணம் முடிவானதும் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். அவளுடைய ஞானஸ்நான அட்டைக்கு அப்பா வரைந்த படம் கல்யாணப் பத்திரிகையிலும் வர வேண்டும். கொடியும் இலையும், நடுவில் ஒரு நீலப் பறவை. அட்டை தண்ணீர் பட்டுக் கறையாகிவிட்டது, ஸ்கேன் செய்ய முடியாது. படத்தின் ஃபைல் இருந்தது. ஆனால் அதைத் திறக்கிற மென்பொருள் நின்றுபோய் எவ்வளவோ காலமாகிவிட்டது.

செங்கல்பட்டில் பழைய கம்ப்யூட்டர் சாமான் விற்கும் கடையில் அதன் சிடி கிடைத்தது.

"இத்த வச்சி இன்னாக்கா பண்ணப்போற, தோட்டத்துல காக்கா ஓட்டவா?" என்றார் கடைக்காரர்.

புது கம்ப்யூட்டர் அதை ஏற்கவில்லை. வீடியோ பார்த்துப் பார்த்து, புது கம்ப்யூட்டருக்குள்ளேயே பழைய கம்ப்யூட்டர் ஒன்று ஓடுகிற மாதிரி செய்தேன். பாதியில் நின்றது, மறுபடி போட்டேன், மறுபடி நின்றது.

"வுடு அத்த, நெட்ல எதுனா பூ எடுத்துக்கலாம். இன்னும் அதையே நோண்டிகினு கீற" என்று ஜெனியே சொல்லிவிட்டாள். நான் விடவில்லை.

ஒரு மத்தியானம் திறந்தது. கொடி, இலை, ஒரு பறவை. அவசரத்தில் ஒரு இலையை அழித்துவிட்டேன். அந்த மென்பொருளுக்குக் கடைசியாகச் செய்த ஒரு வேலைதான் நினைவிருக்கும், மூடித் திறந்தால் அதுவும் போய்விடும். அழித்ததைத் திரும்பக் கொண்டுவர அன்டூ கொடுத்தேன். இலை திரும்பி வந்தது. அதன் பக்கத்தில் இரண்டாவதாக ஒரு பறவையும் வந்தது.

அதற்கு நீலம் கொடுத்தேன், ஏறவில்லை. பெரிதாக்கிப் பார்த்தால் சிறகில் கோட்டின் இரண்டு முனையும் சேரவில்லை; கோடு மூடியிருந்தால்தான் உள்ளே நிறம் ஏறும். அருளின் கை அப்படித்தான். கோட்டை முடிக்காமல் விடுவான், நான் திட்டிக்கொண்டே சேர்ப்பேன். "மூடிட்டா அது எப்டிக்கா பறக்கும்?" என்று சிரிப்பான்.

நான் கூப்பிட்டதும் ஜெனி பழைய அட்டையோடு ஓடி வந்தாள். அட்டையில் ஒரு பறவைதான்.

"நீ வரைஞ்சியா அத்த?"

"எனக்கு இன்னாடி வரையத் தெரியும்?"

முனைகளைச் சேர்க்க மவுஸை எடுத்தேன், மனம் வராமல் வைத்துவிட்டேன். இன்றைக்கும் எந்த வேலையிலும் அன்டூ கொடுக்குமுன் என் விரல் கொஞ்சம் நிற்கிறது.

படம் திறந்ததற்கு மறுநாள் பத்திரிகை அச்சுக்குப் போனது. இரண்டாவது பறவை வெள்ளையாகவே அச்சாகி வந்தது.