கதவு நம் கையில் இல்லை

"முதல்ல தரையில உக்காருங்க. வெக்கப்படாதீங்க, உங்களை யாரும் பாக்கல. முதுகை சுவத்துல சாச்சுக்குங்க. ம்... இப்ப மூச்சை மெதுவா விடுங்க. கதவு உங்க கையில இல்ல. மூச்சு உங்க கையில."

லிஃப்டு கம்பெனியின் அவசர போனில் இதைச் சொல்லும்போதே அவருடைய வலது கை சீட்டு எழுதிக்கொண்டிருக்கும். முகவரி, அழைப்பு வந்த நேரம், உள்ளே எத்தனை பேர், போக வேண்டிய ஆள் என்று நான்கு கட்டங்கள். எழுதி, ஓட்டை போட்ட கோட்டில் கிழித்து, பின்பக்கம் நீட்டினால் மெக்கானிக் வாங்கிக்கொண்டு வண்டியை எடுப்பார். லிஃப்டுக்குள் மாட்டிக்கொண்டவருக்கு இந்தக் கிழிபடும் ஓசை கேட்காது. அவருக்குக் கேட்பதெல்லாம் பஞ்சு மாதிரி ஒரு குரல்தான். ஊரின் ஏதோ ஒரு மூலையில் ஏதோ ஒரு கட்டடத்தில், ஏழாவது மாடிக்கும் எட்டாவதுக்கும் நடுவே தொங்கிக்கொண்டு, சிவப்புப் பொத்தானை அழுத்தியவர்கள் அத்தனை பேரும் இருபத்தொரு வருடங்களாக இந்தக் குரலைப் பிடித்துக்கொண்டுதான் மூச்சு விட்டிருக்கிறார்கள். ஆபீஸில் அவருக்கு மூச்சுக்காரர் என்று பெயர்.

எத்தனை நிமிடத்தில் ஆள் வருவான் என்று மட்டும் சொல்லவே மாட்டார். "சொன்னா கடிகாரத்தைப் பாப்பாங்க. கடிகாரத்தைப் பாத்தவன் கதவைத் தட்டுவான்" என்பார். மனிதன் கலங்குவது நடந்ததால் அல்ல, நடந்ததைப் பற்றித் தனக்குத்தானே சொல்லிக்கொள்வதால் என்பது அவர் கட்சி. புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்கு டீ வாங்கிக் கொடுத்து இதைச் சொல்வார். டீயில் சர்க்கரை இல்லையென்றால் அப்படியே குடித்துவிடுவார்.

குடை எடுப்பதில்லை. மழை அவர் கையில் இல்லையாம். ஸ்கூட்டரைத் திருடிக்கொண்டு போனார்கள். மறுநாள் நடந்து வந்தார், போலீஸுக்குக்கூடப் போகவில்லை. காலையில் கிளம்பும்போது வரக்கூடிய கெடுதல்களையெல்லாம் ஒருமுறை நினைத்துப் பார்த்துக்கொள்வது வழக்கம். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு, "இன்னைக்கு நான் திரும்பி வராமப் போகலாம், எதுக்கும் தயாரா இரு" என்பார்.

"வரும்போது சோப்பு வாங்கிட்டு வாங்க" என்பாள் மனைவி, உள்ளேயிருந்தே.

அவளுக்கு அவரிடம் பெரிய புகார்கள் பல உண்டு. அவற்றை எடுத்தால் மூச்சு, கதவு என்று ஆரம்பித்துவிடுவார் என்பதால் சின்னப் புகாரோடு நிறுத்திக்கொள்வாள். அவர் சட்டைப் பையில் எப்போதும் காகிதம் ஊறிக் கூழாகி ஒட்டிக்கொண்டிருக்கும். "பையைப் பாத்துட்டு துவைக்கப் போடுங்கன்னா காதுல விழுதா? என்னத்தை வெச்சு ஊற வெக்கிறீங்களோ, சுரண்டிச் சுரண்டி என் நகமே தேஞ்சு போச்சு."

"மறதி என் கையிலயா இருக்கு?" என்பார்.

ஒரே மகள். கல்யாணமாகி நான்கு வருடமாகிறது. மாப்பிள்ளை வேலைக்குப் போகும்போது வெளியே பூட்டிக்கொண்டு போகிறான். முதல்முறை அவள் போன் செய்தபோது குரல் உடைந்திருந்தது. "அப்பா, பூட்டிட்டுப் போயிட்டார்ப்பா. சாவி இல்லப்பா. எனக்கு மூச்சு முட்டுதுப்பா."

எவ்வளவோ பேரிடம் பேசிய வாய். "தரையில உக்காரும்மா. முதுகை சுவத்துல சாச்சுக்கோ. கதவு உன் கையில இல்லம்மா. மூச்சு உன் கையில" என்றது. ஐந்து நிமிடத்தில் அவள் அமைதியாகிவிட்டாள். அவருக்கு அப்போது ஒரு திருப்தி ஏற்பட்டதே, அதை அவர் இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை.

ஒரே ஒருமுறை நேரில் கேட்கப் போனார். மாப்பிள்ளை நாற்காலி போட்டான். "எங்க வீட்டு விஷயம், நீங்க எதுக்கு நடுவுல?" என்று குரலைக் கொஞ்சம் உயர்த்தினான். அவ்வளவுதான். தண்ணீர் குடித்துவிட்டு வந்துவிட்டார். அடுத்தவன் சுபாவம் நம் கையில் இல்லை என்று மனைவியிடம் சொன்னார். பயந்துவிட்டேன் என்று சொல்லியிருந்தால் அவள் மன்னித்திருப்பாள்.

அதற்கப்புறம் மகள் போன் செய்வது குறைந்தது. பிறகு நின்றது. நல்ல பக்குவம் வந்துவிட்டது என்று அவர் வெளியே சொல்லிக்கொண்டார்.

போன வாரம் மனைவி பொறுக்கமாட்டாமல் தனியாகப் பஸ் ஏறிப் போனாள். மாலையில் திரும்பி வந்தவள் செருப்பைக்கூடக் கழற்றாமல் சமையலறை வாசலில் உட்கார்ந்துவிட்டாள்.

"கூட்டிட்டு வரலையா?" என்றார்.

"ஜன்னல் வழியாத்தான் பேசினேன். பூட்டை உடைக்க ஆள் கூட்டிட்டு வரேன்டின்னு சொன்னேன். வேணாம்ங்கறா. 'தரையில உக்காந்து, சுவத்துல சாஞ்சு, மூச்சை எண்ணிக்கிட்டு இருந்தா பொழுது போயிடுதும்மா. பூட்டு நம்ம கையிலயா இருக்கு?'ங்கறா. உங்க குரல்லயே சொல்றா. அழக்கூட இல்ல. அழுதிருந்தா நானே கல்லை எடுத்து உடைச்சிருப்பேன்."

அவர் என்னவோ சொல்ல வாயெடுத்தார். அவள் கையைக் காட்டி நிறுத்தினாள்.

"ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். லிஃப்டுல மாட்டினவனுக்கு வெறும் மூச்சை மட்டுமா சொல்றீங்க? கையோட ஆள் அனுப்பறீங்கல்ல? அந்த ஆள் வருவான்னுதானே அவன் மூச்சைப் புடிச்சிக்கிட்டு உக்காந்திருக்கான்? எம் பொண்ணுக்கு யாரை அனுப்பினீங்க?"

இருபத்தொரு வருடத்தில் ஒருவரும் அவரிடம் இப்படிக் கேட்டதில்லை. அன்று அவள் சமைக்கவில்லை. அவரும் பசிக்கிறது என்று சொல்லவில்லை.

மறுநாளும் வேலைக்கு வந்தார். பதினோரு மணிவாக்கில் ஓர் அழைப்பு. பெண் குரல், குழந்தை ஒன்றும் கூட. "அழாதீங்கம்மா. அழுதாலும் பரவாயில்ல, உக்காந்துக்கிட்டு அழுங்க" என்றார். இது அவர் வழக்கமாகச் சொல்வதில்லை. பக்கத்து மேஜைக்காரர் திரும்பிப் பார்த்தார். சீட்டை எழுதிக் கொடுத்து ஆளை அனுப்பினார். முக்கால் மணி நேரத்தில் கதவைத் திறந்துவிட்டதாகத் தகவல் வந்தது. ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கிக்கொண்டார்.

அழைப்பு எதுவும் வரவில்லை. ஆனாலும் அவர் கை இன்னொரு சீட்டை எழுதியது, கிழித்தது, பின்பக்கம் நீட்டியது.

மூத்த மெக்கானிக் வாங்கி, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு படித்தார். "அண்ணே, இது தனி வீடு. இங்க ஏது லிஃப்டு?" என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, "போன மாசமும் இதே அட்ரஸைத்தான் எழுதிக் குடுத்தீங்க. அதுக்கு முந்தியும் குடுத்துட்டு, திரும்ப வாங்கிக்கிட்டீங்க. உள்ளே ஒருத்தர்னு போட்டிருக்கீங்க. யார் போகணும்னுதான் போடல" என்றார்.

"தப்பா எழுதிட்டேன்."

"அவசரம்னா நீங்களே ஒரு எட்டு போயிட்டு வாங்கண்ணே. நான் பாத்துக்கறேன் இங்க."

மூச்சுக்காரர் எழுந்தார். நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினார். வாசலை ஒருமுறை பார்த்தார். பிறகு உட்கார்ந்து, சீட்டைத் திரும்ப வாங்கி, நான்காக மடித்து, சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.