ஆர்தோவின் பாதம்

ஆர்தோ எதிலும் முதலாவதாக வந்தவர் அல்ல. கடைசியாகவும் வந்தவர் அல்ல. ஐந்து பிள்ளைகளில் மூன்றாவதாகப் பிறந்தார். உயரம் நடுத்தரம், குரல் நடுத்தரம். ஊர்க்கூட்டத்துக்கு அவர் வந்திருந்தாரா என்று வீடு திரும்பிய பிறகு யாருக்கும் நினைவிருக்காது. வேலி கட்டுவது அவர் தொழில். ஒல்லியோ ஆற்றின் இந்தக் கரையில் திராட்சைத் தோட்டங்களைச் சுற்றி நிற்கும் கருவாலி மரக் கம்புகளில் பெரும்பாலானவை அவர் நட்டவைதான். அந்த வேலிகளை யாரும் புகழ்ந்ததில்லை. பன்றி உள்ளே புகுந்துவிட்டது என்று யாரும் குறை சொன்னதும் இல்லை.

அவருடைய மூத்த அண்ணன் ஒரு குடிவிருந்தில் கன்னத்தில் அறை வாங்கினார். அறைந்தவனை அண்ணன் கத்தியால் குத்தினார். குத்துப்பட்டவனின் சகோதரர்கள் அண்ணனை ஆற்றங்கரையில் வைத்துக் கொன்றார்கள். அண்ணனின் மைத்துனர்கள் போய் அவர்களில் இரண்டு பேரைக் கொன்றார்கள். ஒரே ஓர் அறை, ஆண்டுக்கணக்கில் வீடு வீடாகப் போய்க்கொண்டிருந்தது. பழி தீர்க்கப் போகாமல் வேலி கட்டிக்கொண்டிருந்த ஆர்தோவைக் கோழை என்றார்கள். அவர் அடுத்த கம்பை நட்டார்.

பிறகு அரசர் எங்கள் லோம்பார்து மக்களின் வழக்கங்களை எல்லாம் முதன்முறையாக எழுதவைத்தார். அதன் பிரதி எங்கள் ஊருக்கு வந்த அன்று தேவாலயத்தின் முன் எல்லோரும் கூடினோம். குருவானவர் லத்தீனில் வாசித்தார். நீதிபதி வால்பெர்த் அதை எங்கள் பேச்சில் சொன்னார். அவர் சுருக்கிச் சொல்கிறார் என்று பெண்களுக்குச் சந்தேகம். ஏரிக்கரை மடத்தில் லத்தீன் படித்துவிட்டு வந்திருந்த என்னை நடுவில் உட்காரவைத்து, "சாமி நெசமா என்ன வாசிக்கிறாரு, சொல்லுடி" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்கள். நான் தாழ்ந்த குரலில் சொன்னேன்.

ஒருவன் முஷ்டியால் குத்தினால் இவ்வளவு ஈட்டுத்தொகை. உள்ளங்கையால் அறைந்தால் அதைப்போல் இரண்டு மடங்கு. நான் அதைச் சொன்னதும் பெண்கள் பேச்சை நிறுத்தினார்கள். குத்தில்தான் வலி அதிகம் என்று எல்லோருக்கும் தெரியும். ஆனால் அறையில் என்ன அதிகம் என்பதும் எல்லோருக்கும் தெரியும். அது அரசருக்கும் தெரிந்திருக்கிறது! சிரிக்கும்போது தெரிகிற பல்லை உடைத்தால் ஒரு தொகை, உள்ளே மறைந்திருக்கும் பல்லுக்கு அதில் பாதி. ஒவ்வொரு விரலுக்கும் தனித்தனியாக. அடிமையின் பல்லுக்கு அதே விலை இல்லை; குருவானவர் அதையும் அதே குரலில்தான் வாசித்தார். பின்னால் நின்ற பன்றி மேய்ப்பவர்கள் தரையைப் பார்த்தார்கள். முன்னோர் வைத்ததைவிட இந்தத் தொகைகளை உயர்த்தியிருக்கிறோம், வாங்கிக்கொண்டவன் பழியைக் கைவிட வேண்டும் என்பதற்காக, என்றும் எழுதியிருந்தது. ஆர்தோவை நான் அப்போதுதான் கவனித்தேன். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார்.

மண்டையில் விழும் காயத்துக்கு வந்தோம். தோல் மட்டும் கிழிந்தால் சிறு தொகை. எலும்பு உடைந்தால் பெரும் தொகை. எலும்புதான் உடைந்தது என்பதற்கு என்ன சாட்சி? காயத்திலிருந்து எடுத்த எலும்புத் துண்டைச் சாலையின் குறுக்கே பன்னிரண்டு பாத தூரத்திலிருந்து ஒரு கேடயத்தின் மேல் எறிய வேண்டும். ஓசை கேட்க வேண்டும். கேட்டால் அது எலும்பு.

கொல்லன் சிரித்துவிட்டான். "யாரோட பாதமாம்? என்னோடதா, என் பொண்டாட்டியோடதா?"

குருவானவர் விரலை அடுத்த வரிக்கு நகர்த்தினார். நடுத்தர மனிதனின் பாதத்தால் அளக்க வேண்டும், கையால் அல்ல. அதுவும் எழுதியிருந்தது.

அன்றே ஆண்கள் செருப்பைக் கழற்றிவிட்டுத் தேவாலயப் படியில் வரிசையாக நின்றார்கள். அந்த வரிசையைப் போன்ற கூத்தை நான் பார்த்ததில்லை.

"யோவ், உன் பாதத்துல ஒரு கோழிக் குடும்பமே படுத்துத் தூங்கலாம்யா!"

"அதுக்கு முன்னாடி நீ ஆத்துல இறங்கிக் கழுவிட்டு வா. கோழிக்கும் மூக்கு இருக்கு."

பெரிய பாதம் ஒரு கோடியிலும் சின்னப் பாதம் மறு கோடியிலுமாக வால்பெர்த் எல்லோரையும் இடம் மாற்றி நிறுத்தினார். பிறகு இரண்டு முனைகளிலிருந்தும் ஒவ்வொருவராக வெளியே அனுப்பினார். சிரிப்பு குறைந்துகொண்டே வந்தது. கடைசியில் படியில் ஒருவர் மட்டும் நின்றார்.

"நானா?" என்றார் ஆர்தோ.

அன்றிலிருந்து அவருடைய வலது பாதம் ஊருக்குச் சொந்தமானது. வெறுங்காலோடு வெளியே வந்தால், "மாமா, முள்ளு குத்திடப் போகுது, ஊர் அளவே வீங்கிடும்!" என்று பையன்கள் கத்துவார்கள். கனமான கட்டைகளைத் தூக்க அவரை யாரும் விடவில்லை. அவர் மனைவி ராத்ருதா என் அம்மாவிடம் அலுத்துக்கொண்டாள்: "புனிதர்களோட எலும்பைப் பெட்டியில வச்சுப் பூட்டி முத்தம் குடுக்குறாங்கல்ல? இவரு காலையும் அப்படிப் பூட்டிட்டு, மிச்ச ஆளை எங்கிட்ட அனுப்பிடச் சொல்லு. விறகு வெட்ட ஆளில்ல." ஆனால் அவளே இரவில் அந்தப் பாதத்துக்குப் பன்றிக் கொழுப்பு தேய்த்துவிட்டாள் என்பது பக்கத்து வீட்டுக்காரர்களான எங்களுக்குத் தெரியும்.

அடுத்த இலையுதிர் காலத்தில் அந்தப் பாதத்துக்கு வேலை வந்தது. கருவாலிக் காட்டில் கொட்டைகள் உதிரும் பருவம்; எல்லோருடைய பன்றிகளும் அங்கேதான். தாசோவின் பன்றிகளும் வினிகிஸின் பன்றிகளும் கலந்துவிட்டன. தாசோ, ஆர்தோவின் ஒரே மகள் ஆல்தாவின் கணவன். வினிகிஸ் வாய்த்துடுக்குக்காரன். "உன் மாமனாரு மாதிரியே நீயும் கோழைதானே, பன்றியை விட்டுட்டுப் போடா" என்றானாம். தாசோ கைத்தடியால் அவன் மண்டையில் ஓங்கி அடித்தான்.

வினிகிஸ் பிழைத்தான். மருத்துவம் பார்க்கும் கிழவி அவன் காயத்திலிருந்து ஒரு துண்டை எடுத்து ஆட்டு ரோமத்தில் சுற்றி வைத்தாள். அது என் சுண்டுவிரல் நகத்தைவிடச் சற்றே பெரியது.

வினிகிஸின் தம்பி கீசோ சந்தையில் எல்லோர் காதிலும் விழும்படி சொன்னான். "ஓசை கேட்டா, பெரிய தொகையை வாங்கிக்கிட்டு ஆயுதத்து மேல சத்தியம் பண்றேன், பழி முடிஞ்சுதுன்னு. கேக்கலைன்னா என்ன அர்த்தம்? எங்க அண்ணன் மண்டை வெறும் தோலு. தோலுக்குக் குடுக்குற காசு எனக்கு வேண்டாம். தாசோ தலைதான் வேணும்."

அவன் அந்த ஓசை கேட்கக்கூடாது என்றே விரும்பினான். அவன் கண்ணைப் பார்த்த எவருக்கும் அது புரியும். தாசோவின் தந்தையும் கேட்கக்கூடாது என்றே விரும்பினார். கேட்டால் பெரிய தொகைக்கு உழவு மாடுகள் போய்விடும்; கீசோவின் மிரட்டலை அவர் வெறும் பேச்சு என்றே எண்ணினார். கேட்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டவள் ஆல்தா. கேட்டால்தான் அவள் கணவன் உயிரோடு இருப்பான்.

விசாரணை நாளின் காலையில் அவள் அப்பாவைத் தேடி வந்தாள். நான் அவர்கள் முற்றத்தில் தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தேன். என்னை அவள் பொருட்படுத்தவில்லை.

"அப்பா, வினிகிஸ்தான் எறியணும்னு நீதிபதி சொல்லிட்டாரு. அவன் கையில கரண்டியே நிக்க மாட்டேங்குது."

"கேள்விப்பட்டேன்."

"நீங்க இடைவெளி விட்டு அளந்து தூரத்தைக் கூட்டிடுவீங்களோன்னுதான் கீசோ பாத்துக்கிட்டு இருப்பான். மருமகனோட காசைக் காப்பாத்தப் பாப்பீங்கன்னு நெனைக்கிறான்; பழி வாங்கினாலும் ஏமாந்தவன்னு பேரு வாங்க மாட்டான். குறைப்பீங்கன்னு யாரும் பாக்க மாட்டாங்க. பாதத்தை ஒவ்வொரு தடவையும் துளி சாய்ச்சு வைங்கப்பா. வேலிக்காரர்தானே நீங்க, உங்களுக்குத் தெரியாததா? துளி துளியாச் சேர்ந்தா ஒரு பாதம் குறையும். எனக்காக."

ஆர்தோ செருப்பு வாரைக் கட்டிக்கொண்டிருந்தார். கட்டி முடித்தார். மகளின் தலையில் கை வைத்தார். கொட்டகைக்குள் போய், வேலிக் கம்புகளுக்கு நேர் பிடிக்கும் கயிற்றை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டு நடந்தார்.

தேவாலயத்தின் முன் உள்ள சாலையில் ஊரே நின்றது. வால்பெர்த் தன் கேடயத்தைத் தாசோவிடம் கொடுத்தார். அடித்தவன் பிடிக்க வேண்டும், அடிபட்டவன் எறிய வேண்டும் என்பது அவருடைய முடிவு. அந்த அடிக்குப் பிறகு அவர்கள் இருவரும் ஒருவரையொருவர் பார்த்தது அன்றுதான். வினிகிஸின் தலையில் கட்டு, முகம் மெலிந்திருந்தது. தாசோ கேடயத்தை இரு கையாலும் மார்புக்கு நேரே பிடித்தான்.

"ஆர்தோ, அளங்க" என்றார் வால்பெர்த்.

ஆர்தோ செருப்பைக் கழற்றினார். கீசோ ஒரு வைக்கோலோடு குனிந்து தயாரானான். "ஒரு வைக்கோல் உள்ள போனாலும் விட மாட்டேன், பெரியவரே."

"பாருப்பா, நல்லாப் பாரு" என்றார் ஆர்தோ. பிறகு நீதிபதியின் பக்கம் திரும்பினார். "ஐயா, ஒரு கயிறு கட்டணும். சாலைக்குக் குறுக்க, நேரா. பாதத்தோட ஓரம் அதை ஒட்டியே போகட்டும்."

"சட்டத்துல கயிறு இல்லையே, ஆர்தோ."

"வேலியில இருக்குங்க."

கூட்டத்தில் சிலர் சிரித்தார்கள். ஆல்தா சிரிக்கவில்லை. அவள் என் முழங்கையைப் பிடித்த இடம் பிறகு கன்றிப்போயிருந்தது. கயிறு இருந்தால் பாதத்தைச் சாய்க்க முடியாது. அவர் தன் காலுக்குத் தானே வேலி கட்டிக்கொண்டார்.

கயிறு இழுத்துக் கட்டப்பட்டது. ஆர்தோ தாசோவின் காலடியிலிருந்து தொடங்கினார். குதிகால், விரல்நுனி; குதிகால், விரல்நுனி. ஒவ்வொரு முறையும் கீசோ வைக்கோலை நுழைத்துப் பார்த்தான்; நுழையவில்லை. ஆர்தோவின் முகத்தில் நான் அதுவரை பார்த்திராத ஒன்று இருந்தது. நற்கருணை வாங்கப் போகிறவர்களின் முகத்தில் சில சமயம் பார்த்திருக்கிறேன். பன்னிரண்டாவது முறை அவர் நின்ற இடத்தில் வால்பெர்த் வாளால் கோடு கிழித்தார். நாங்கள் மனதில் நினைத்திருந்ததைவிடத் தூரமாக இருந்தது அது.

கிழவி ரோமத்தைப் பிரித்து வினிகிஸின் உள்ளங்கையில் அந்தத் துண்டை வைத்தாள்.

அவன் அதைப் பார்த்தான். தன் மண்டைக்குள் இருந்த ஒன்றை வெயிலில் பார்க்கிற மனிதனை நான் வேறெங்கும் கண்டதில்லை. யாரோ ஒரு நாயின் வாயைப் பொத்தினார்கள். ஒரு தாய் குழந்தைக்குப் பால் கொடுக்கத் தொடங்கினாள், அது அழாமலிருக்க. பழிக்குப் போன ஆண்கள், பழியில் விதவையான பெண்கள், பின்னால் நின்ற அடிமைகள், எல்லோரும் ஓர் எலும்புத் துண்டின் ஓசைக்காக மூச்சை அடக்கி நின்றோம். இத்தனை பேரைக் கத்தியால் இப்படி நிறுத்த முடியாது. கன்றுத் தோலில் எழுதிய இரண்டு வரி நிறுத்தியிருந்தது.

வினிகிஸ் கையைப் பின்னால் கொண்டுபோனான். கை ஆடியது. எறிந்தான்.

அது கண்ணுக்குத் தெரியவில்லை. ஆனால் கேட்டது. இரும்புச் சட்டியில் ஒற்றைத் தினை விழுந்தது போல, கேடயத்தின் நடுவே உள்ள உலோகக் குமிழில், ஒரே ஒரு 'டிங்'.

"கேட்டுச்சு!" என்றார் யாரோ. "எனக்கும் கேட்டுச்சு!"

கீசோ முன்னால் பாய்ந்தான். "தூரம் குறைவு! மாமனாரு மருமகனைக் காப்பாத்திட்டாரு! இவரு எங்கேயோ வேலை காட்டியிருக்காரு!"

அப்போதுதான் அவனுக்குப் புரிந்தது, தான் தவறான பக்கத்தைக் காவல் காத்தோம் என்று. ஆர்தோ தரையில் உட்கார்ந்து வலது காலை அவன் பக்கம் நீட்டினார்.

கீசோ அந்தப் பாதத்தின் நீளத்துக்குச் சரியாகத் தன் வைக்கோலைக் கிள்ளினான். கயிற்றோரமாக மண்டியிட்டு, கோட்டிலிருந்து தாசோவின் காலடி வரை வைக்கோலை வைத்து வைத்து அளந்துகொண்டே போனான். உரக்க எண்ணினான். அவன் எண்ணுவதை ஊரே உதட்டுக்குள் எண்ணியது. ஆல்தா கண்களை மூடிக்கொண்டாள். பத்து. பதினொன்று. பன்னிரண்டு. வைக்கோலின் நுனி தாசோவின் கட்டைவிரலைத் தொட்டு நின்றது.

ஒரு விரல் அளவு குறைந்திருந்தால்கூட அன்று அங்கேயே இரத்தம் விழுந்திருக்கும்.

கீசோ நிமிர்ந்து தாசோவைப் பார்த்தான். வெகு நேரம் பார்த்தான். பிறகு வைக்கோலைக் கீழே போட்டான்.

"சரியாத்தான் இருக்கு" என்றான். "எங்க அண்ணன் எலும்புதான். கேட்டுச்சு."

"அப்போ சத்தியத்துக்கு வாங்க" என்றார் வால்பெர்த்.

"கொஞ்சம் பொறுங்கய்யா" என்றான் வினிகிஸ். "மொதல்ல அது எங்க விழுந்துதுன்னு பாக்கணும். என்னோடதுல்ல."

அவன் மெல்லக் குனிந்து சாலைப் புழுதியில் தேடத் தொடங்கினான். தலைக்கட்டு கண்ணில் சரிந்தது. தாசோ கேடயத்தைக் கீழே வைத்துவிட்டு அவனும் மண்டியிட்டான். இருவரும் தலையோடு தலை முட்டுகிற அளவுக்கு அருகில் புழுதியைத் துழாவினார்கள்.

"தள்ளுடா, வெளிச்சத்தை மறைக்கிற" என்றான் வினிகிஸ்.

"நீ மொதல்ல உன் முட்டியை எடு. அதுக்குக் கீழதான் இருக்கும்."

அங்கேதான் இருந்தது. தாசோ அதை எடுத்து, ஊதி, உள்ளங்கையில் வைத்து நீட்டினான்.

ஆல்தா அப்பாவின் செருப்புகளை எடுத்துக்கொண்டு போய் அவர் முன்னால் உட்கார்ந்தாள். "சாய்க்கவே இல்லையே நீங்க" என்றாள். அழுகையா கோபமா என்று தெரியவில்லை.

"வச்சப்போ அது என் காலா தோணலம்மா" என்றார் ஆர்தோ. "இப்போ என்னோடதுதான். குளிருது, போட்டு விடு."