ஒரு பக்கம் வெட்டிய பாதை

நான் மூன்றாம் வகுப்போடு நின்றவன். அப்படியிருந்தும் காடு அளக்கப் போகிற சர்வேயர்மார் என்னைத்தான் கேட்டு வாங்கிப் போவார்கள். என் கத்திக்கு வழிவிடாத காடு இந்த மலைநாட்டில் இல்லை. ஆனால் இந்த வேலைக்குப் புதிதாக வருகிற பிள்ளைகள் என்னுடைய முதல் காட்டைப் பற்றித்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

இலங்கைக்குச் சுதந்திரம் கிடைத்துச் சில வருடங்கள் இருக்கும். பொகவந்தலாவைக்கு மேலே, கடைசித் தேயிலை மலையும் முடிந்து ஒரு நாள் நடைதூரத்தில் கூடாரம் அடித்தோம். தோட்டத்துக்குத் தண்ணீர் கொண்டுவர ஓடையின் ஊற்றைக் கண்டுபிடிக்க வேண்டும். சர்வேயர் ஐயா, அளக்கிற சங்கிலி பிடிக்க மாரிமுத்து அண்ணன், பாதை வெட்ட நான். மூன்றே பேர். தை மாதம், காலையில் வாளித் தண்ணீர்மேல் கண்ணாடி மாதிரி ஐஸ் படிந்திருக்கும்.

"தென் துருவத்துக்குப் போறவங்களுக்கும் இப்படித்தான்டா, மனுச முகமே கெடைக்காது," என்பார் ஐயா.

ஐந்தாம் நாள் ஐயா வரைபடத்தோடு கூடாரத்தில் இருந்துவிட்டார். நாங்கள் இருவரும் காட்டுக்குள் போனோம். திரும்பி வர அடையாளமாக மரங்களில் பட்டையைச் செதுக்கிக்கொண்டே போனேன்.

"பின்பக்கமும் கொத்துடா தம்பி," என்றார் அண்ணன்.

நான் தோட்டத்தில் தேயிலைக் கிளைகளைக் கழிக்கிற கவ்வாத்து வெட்டிப் பேரெடுத்தவன். தேயிலைச் செடியில் ஒரு வாதுக்கு ஒரே வெட்டு. இரண்டாவது வெட்டு விழுந்தால் கங்காணி மானத்தை வாங்கிவிடுவார். அந்தத் திமிர் எனக்கு.

"ஒரு மரத்துக்கு ரெண்டு வெட்டா? நம்ம கத்திக்கு அது அவமானம்ண்ணே!"

"ஆமா, பெரிய தொரை இவரு," என்று சிரித்தார்.

ஊற்றைக் கண்டோம். திரும்பும்போது மூடுபனி இறங்கியது. எதிரே வந்த மரங்களில் பாசிதான் இருந்தது. வெட்டெல்லாம் மறுபக்கம். ஒவ்வொரு மரத்தையும் சுற்றிச் சுற்றிப் பார்த்ததில் திசையே போய்விட்டது. அண்ணன் ஓடையில் வழுக்கி விழுந்தார். கம்பளி நனைந்து ஈயமாய்க் கனத்தது. மடியில் இருந்த தீப்பெட்டியும் போயிற்று. நடுங்கினார். பிறகு நடுக்கம் நின்றது.

"இப்ப குளிரலடா. நீ போ, நான் கொஞ்சம் ஒக்காந்துட்டு வர்றேன்."

போகவில்லை. கட்டிப்பிடித்துக்கொண்டே இருந்தேன். விடிந்தபோது அவர் விறைத்துப் போயிருந்தார்.

பனி விலகியதும் ஐயா விசில் ஊதியபடி வந்தார். பாதையிலிருந்து கூப்பிடு தூரத்தில்தான் நாங்கள் இருந்தோம். கூடாரத்திலிருந்து வருகிறவருக்கு ஒவ்வொரு வெட்டும் பளிச்சென்று தெரிந்திருக்கிறது.

"அழகா வெட்டியிருக்கே," என்றார். "போறதுக்கு மட்டும்."

அண்ணனைத் தோட்டத்துக்குத் தூக்கி வந்தோம். அண்ணி என்னிடம் வந்தார்.

"அவருக்குக் காடு தெரியுமே தம்பி. எப்படி?"

"மூடுபனி அண்ணி," என்றேன்.

பிள்ளைகளே, மரத்தின் இரண்டு பக்கமும் வெட்டுங்கள். கூட வருகிறவன் சொன்னால் கேளுங்கள். நான் கேட்கவில்லை என்பது அண்ணிக்குக் கடைசிவரை தெரியாது.