கடைசி ரீலில் நான் சொன்னது

பதினோராம் வகுப்போடு படிப்பை விட்டவன் நான். தமிழும் இளையான்குடியில் நாலாம் வகுப்புவரை படித்ததுதான். ஆனாலும் அமெரிக்காவில், கலிஃபோர்னியா சன்னிவேலில் டயர் கடை போட்டேன், பிளசன்டனில் இன்னொன்று. வங்கிக்காரன் கைவிரித்தபோதும் விடவில்லை. இன்று இருபது பேருக்கு வேலை கொடுக்கிறேன். இதெல்லாம் ஊரறிந்த கதை. ஒரு சினிமாவுக்கு முடிவு கட்டியதும் நான்தான். அது யாருக்கும் தெரியாது.

2003. எனக்குப் பத்து வயது. எங்கள் அபார்ட்மென்ட்டில் எதிர்வீட்டுக்காரர் செர்பியாக்காரர்; நான் 'அங்கிள்' என்பேன். தன் நாட்டில் பேர்போன நடிகராம். இங்கே வீடுகளுக்குப் பெயின்ட் அடித்துக்கொண்டிருந்தார். எட்டு யுத்தப் படங்களில் செத்திருக்கிறாராம். "செத்தது போதும். இனி நானே படம் எடுப்பேன், யார் பிழைக்கணும்னு நானே முடிவு பண்ணுவேன்" என்பார், அவருக்குத் தெரிந்த இங்கிலீஷில். சம்பாத்தியமெல்லாம் ஒரு பழைய கேமராவுக்கும் ஃபிலிமுக்கும் போனது.

அவருடைய முதல் படம் அது. யுத்தத்துக்குப் பயந்து ஒரு தாய் தன் மகனைத் தனியே அனுப்பிவிடுகிறாள். அவன் திரும்பி வருவதேயில்லை. மகனாக நான். வசனம் என் தாய்மொழியில்தான் இருக்கவேண்டும் என்று என் அப்பாவை, எங்கள் வழக்கில் அத்தாவை, கேட்டு 'நான் போறேன்' என்று எழுதி வாங்கிக்கொண்டார். கதவோரம் நிற்கும் தாய்க்கு என் அம்மாவின் கை மட்டும் போதும் என்று கெஞ்சினார். முகம் தெரியாது என்றதால் அம்மா ஒப்புக்கொண்டாள்.

மிச்சம் இருந்தது ஒரே ரீல். ஒரே தடவைதான் எடுக்க முடியும். ஒத்திகையில் நான் "போறேன்" என்றதும் அம்மா பதறிவிட்டாள்.

"யா அல்லா! வாசல்ல நின்னு போறேங்குற? போயிட்டு வர்றேன்னு சொல்லுடா."

"ஆக்டிங்தாம்மா. அந்தப் பையன் திரும்பி வரமாட்டான்."

"எவன் வராட்டி எனக்கென்ன? இங்க நிக்கிறது நீதானே?"

கேமரா ஓடியது. என் வாயில் அதுதான் வந்தது: "அம்மா, போயிட்டு வர்றேன்." கதவுக்குப் பின்னாலிருந்து, யாரும் சொல்லித் தராமலே, அம்மா "வா" என்றாள். ரீல் தீர்ந்தது.

எழுதிக்கொடுத்த சொல் இது இல்லை என்று அங்கிளுக்குப் புரிந்துவிட்டது. அர்த்தம் கேட்டார். "ஐ வில் கோ அண்ட் கம்" என்றேன். அம்மா என்ன சொன்னாள் என்றார். "கம்" என்றேன். பெயின்ட் வாளியைக் கவிழ்த்துப்போட்டு உட்கார்ந்தவர், இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார்.

"சாரி அங்கிள், இன்னொரு டேக் பண்ணலாம்" என்றேன். 

அந்த வாரம் செர்பியாவில், பெல்கிரேடில் அவருடைய தாய் சாகக் கிடந்ததும், கிரீன் கார்டு கைக்கு வராமல் நாட்டைவிட்டுப் போனால் திரும்ப உள்ளே விடமாட்டார்கள் என்று வக்கீல் சொல்லியிருந்ததும், இவர் போகாமலே அங்கே எல்லாம் முடிந்ததும் எனக்கு வெகுகாலம் கழித்துத்தான் தெரியும். அன்று என் துக்கமெல்லாம், படத்தைக் கெடுத்துவிட்டதால் அவர் வாங்கித் தருவதாகச் சொல்லியிருந்த பீட்சா போச்சே என்பதுதான்.

அந்த முடிவை அவர் மாற்றவில்லை; நாங்கள் இருவரும் சொன்னதை அப்படியே படத்தில் விட்டுவிட்டார். படம் நாடு நாடாக விழாக்களுக்குப் போனது. அப்புறம் மூன்று படங்கள் எடுத்தார். பெயின்ட் பிரஷைத் தொடவே இல்லை. இப்போது அவரும் இல்லை, அம்மாவும் இல்லை. போன மாதம் அந்தப் படத்தைத் தேடிப்பிடித்துப் பார்த்தேன். கதை, வசனம், இயக்கம் எல்லாம் அவர் பெயரில். 'சிறுவன்' என்று நான். 'வா' என்ற அந்தக் குரல் யாருடையது என்று ஒரு எழுத்துகூட இல்லை. படத்தை இப்போது வைத்திருப்பவர்கள் யாரானாலும் சரி, சொல்லிவிட்டேன்: கடைசி வசனம் எங்களுடையது. அம்மா பெயரை முதலில் போடுங்கள். அதற்குக் கீழே என் பெயர்.