விபூதி பூசி நீதிமன்றம் போனோம்

அன்று என் கணவர் நான் சொல்லிக்கொடுத்தபடியே பொய் சொல்லியிருந்தால், எங்கள் மகளின் முகத்தை எப்படிப் பார்த்திருப்பேன்?

நாங்கள் பெங்களூர் ஆஸ்டின் டவுனில் இருக்கிறோம். நான் முருகனைக் கும்பிடுபவள், கணவர் பௌத்தர். குழந்தை இல்லாததால், ஒரு குழந்தைகள் இல்லத்திலிருந்த பெண் குழந்தையைத் தத்தெடுக்க நீதிமன்றத்தில் அனுமதி கேட்டிருந்தோம். இந்துக்களுக்கான சட்டப்படி மனு போட்டிருப்பதாக வக்கீல் சொன்னதும், பௌத்தர் என்று தெரிந்தால் குழந்தையைத் தர மாட்டார்களோ என்று பயந்துவிட்டேன். வக்கீலிடம் கேட்கவும் தைரியம் வரவில்லை. விசாரணையன்று காலை கணவரின் நெற்றியில் விபூதி பூசினேன்.

"என்னடி இது வேஷம்?"

"குழந்தைக்காகங்க. கேட்டா இந்துன்னு சொல்லிடுங்க."

அவர் அழிக்கவில்லை. ஆனால் நீதிபதி மதம் என்னவென்று கேட்டதும், "நான் பௌத்தன், சார்" என்றார்.

"அப்புறம் நெத்தியில என்ன?"

"அது என் சம்சாரத்தோட பயம், சார்."

நீதிபதி சிரித்துவிட்டார். "இந்தச் சட்டம் பௌத்தருக்கும் உண்டும்மா. பயப்படாதீங்க" என்று என்னைப் பார்த்துச் சொன்னார். அன்றே அனுமதி கிடைத்தது. அந்த நல்ல மனிதரையும், உண்மை பேசிய என் கணவரையும் நினைக்காத நாளில்லை.

இப்போதெல்லாம் சந்தேகம் வந்தால் மறைக்காமல் முதலிலேயே கேட்டுவிடுகிறேன். அதனால்தான் இந்தக் கடிதம். மகள் காலையில் என்னோடு முருகனையும், மாலையில் அப்பாவோடு புத்தரையும் வணங்குகிறாள். நேற்று, "நான் எந்தச் சாமிம்மா?" என்றாள். அப்பாவைக் கேள் என்றேன். அவர் அம்மாவைக் கேள் என்கிறார். இப்படிப் பிள்ளை வளர்த்தவர்கள், என்ன சொன்னீர்கள் என்று எழுதுங்களேன்.