இன்னும் ரெடியாகவில்லை

தாயில்பட்டிக்காரி ஒருத்தி பழைய கம்ப்யூட்டரை ஆட்டோவில் கொண்டுவந்து சிவகாசியில் என் ரிப்பேர் கடையில் இறக்கினாள். சுவிட்சைப் போட்டுவிட்டு உலை வைத்துச் சோறு வடித்தாலும் திரை வர மாட்டேங்குதாம். காலேஜ் படிக்கிற ஒத்தை மகள் அதில்தான் பழக வேண்டும்.

மூடியைக் கழற்றினேன். ஃபேன் முழுக்க வெள்ளி நிறத்தில் தூசி. விரலில் தொட்டுத் தேய்த்துப் பார்த்தேன். பட்டாசுக்குப் போடுகிற அலுமினியப் பவுடர். வேலைக்குப் போய் வருகிறவர்கள் சேலையில் ஒட்டிவருவது இம்புட்டுச் சேராது. வீட்டுக்குள்ளேயே கள்ளத்தனமாக வெடிமருந்து அடைக்கிறாள். அதே அறையில் பிள்ளை உட்கார்ந்து படிக்கிறது.

எனக்கு வாய் நீளம். போனில் பிடித்துக் கிழித்துவிட்டேன். அவள் மறுக்கவே இல்லை. பட்டாசுக் கம்பெனி பூட்டிக் கிடக்கிறது, ஆர்டர் வீடு தேடி வருகிறது, ஊரில் யார்தான் செய்யவில்லை தாயி என்றாள். தீபாவளி சீசன் முடிந்ததும் விட்டுவிடுவாளாம்.

தூசியைத் துடைத்து, பழைய ஹார்ட் டிஸ்க்கை எடுத்துவிட்டு வேகமான எஸ்.எஸ்.டி. மாட்டினேன். ஆன் பண்ணியதுமே கூடச் சேர்ந்து கிளம்புகிற வேண்டாத புரோகிராம்களை நிறுத்தினேன். கண்மூடித் திறப்பதற்குள் திரை வந்தது. ஆனாலும் அந்தப் பிள்ளையிடம் இன்னும் ரெடியாகவில்லை, அதுவரைக்கும் என் கடை மெஷினில் வந்து பழகு என்று பொய் சொன்னேன். காலேஜ் விட்டதும் வந்துவிடும். லீவு நாளில் காலையிலேயே வரும். ஒரு கம்ப்யூட்டரைச் சரிபண்ண இத்தனை நாளா என்று அம்மாக்காரி ஏசினாள். ஏசினால் ஏசட்டும் என்று இருந்தேன்.

ஒரு சனிக்கிழமை நான் டீக்கடைக்குப் போய்த் திரும்பினால், பிள்ளை தன் வீட்டுக் கம்ப்யூட்டரைப் போட்டுப் பார்த்திருக்கிறது. திரை பளிச்சென்று நிற்கிறது. ஏன் பொய் சொன்னேன் என்பதைச் சொல்லவேண்டியதாப்போச்சு. கேட்டதும் அம்மாவுக்குப் போன் போட்டது. மணி அடித்துக்கொண்டே இருந்தது, எடுக்கவில்லை. திரும்பத் திரும்பப் போட்டது. கடைசியில் பக்கத்து வீட்டுக்காரர் கூப்பிட்டார். வீடு வெடித்துத் தரைமட்டமாகிவிட்டது, அம்மா உள்ளே இருந்தாள் என்றார். பாவி மகள், சீசன் முடியட்டும் என்றாளே.

காரியமெல்லாம் முடிந்து பிள்ளை கம்ப்யூட்டரை வாங்க வந்தது. இனிமேல் காரியாபட்டியில் சித்தி வீட்டில்தான் இருக்கப்போகிறது. வயரைச் சுருட்டிக் கையில் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு என் முகத்தைப் பார்த்தது.

"எங்கம்மாகிட்டயும் ஏதாவது பொய் சொல்லி இங்கன உக்கார வச்சிருக்கலாமேக்கா."