மட்டையில் சிரித்த அப்பா

எங்கள் ஊர்க்கார அங்கிள் யாரிடமும் படம் கீறப் பழகியவரல்ல. ஊரில் கூட்டுறவுச் சங்கக் கடை லொறி ஓட்டியவர். சிட்னிக்கு வந்து, செவன் ஹில்ஸில் அட்டைப்பெட்டி செய்கிற தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றார். அங்கே கழித்துவிட்ட பெட்டி மட்டைகளை வீட்டுக்குக் கொண்டுவந்து, சுவருக்கு அடிக்கிற பெயின்றால் ஊர்ச் சனத்தை ஒவ்வொருவராகக் கீறினார். மீன்காரி, தபால்காரர், சைக்கிள் கடைக்காரர் என்று கறாஜ் முழுக்க ஆட்கள், காருக்கு இடமில்லை. யாருக்குப் பின்னாலும் வீடோ மரமோ கிடையாது, வெறும் மட்டை நிறம்தான்.

“ஏன் அங்கிள் பின்னுக்கு ஒண்டும் கீறேல்லை?” என்று ஒருமுறை கேட்டேன்.

“இடமெல்லாம் மாறிப்போச்சுது பிள்ளை. எனக்குத் தெரிஞ்சது சனம்தானே.”

போட்டோ பார்த்துக் கீறவே மாட்டார். போட்டோவைக் கண்டால் ஆள் மறந்துபோகும் என்பார். கிழவரின் வீம்பு என்று நினைத்துக்கொண்டேன்.

அப்பா இறந்தபோது எனக்கு மூன்று வயது. அவர் முகம் எனக்கு நினைவில் இல்லை. எங்களிடம் மிஞ்சியது அவருடைய அடையாள அட்டைப் படம் ஒன்றுதான். அம்மா மெல்பேர்னில் தம்பியோடு இருக்கிறா. அந்த வருடத் திவசத்தை என் வீட்டில் செய்வதென்று முடிவானதும், அம்மாவுக்குச் சொல்லாமல் அப்பாவின் பெரிய படமொன்றை வைக்க ஆசைப்பட்டேன். அப்பா சங்கக் கடையில் கிளார்க். சாமான் எடுக்க அங்கிளின் லொறியில்தான் போய்வருவாராம். கீறித் தரச் சொல்லி நான் கேட்டதும் அங்கிளுக்குக் கண் கலங்கிவிட்டது.

இரண்டு கிழமையில் கூப்பிட்டார். மட்டையில் ஒருவர் தலையைப் பின்னால் சாய்த்து வாய் நிறையச் சிரித்துக்கொண்டிருந்தார். முன்பல் ஒன்று பாதி உடைந்திருந்தது.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பல் கிளினிக்கில் வேலை செய்கிறவள் நான். என் அப்பா உடைந்த பல்லோடா? அதுவும் திவசத்துக்கு வைக்கிற படத்தில் யாராவது இப்படிப் பல்லைக் காட்டுவார்களா? மாலை போட்ட படங்களில் எல்லோரும் வாயை மூடிக்கொண்டு நேரே பார்ப்பதைத்தான் நான் கண்டிருக்கிறேன்.

“வாயை மூடிவிடுங்கோ அங்கிள். நாலு சனம் வந்து பாக்கிறது.”

“அவன் இப்பிடித்தான் பிள்ளை,” என்றார்.

நான் விடவில்லை. கைப்பையிலிருந்து அடையாள அட்டைப் படத்தை எடுத்து அவர் முகத்துக்கு நேரே நீட்டினேன். கொஞ்சம் பின்வாங்கினார். பிறகு கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

“சரி. உங்கட அப்பா, உங்கட விருப்பம்,” என்றார்.

திவசத்தன்று காலையில்தான் அம்மா அந்தப் படத்தைக் கண்டா. அப்பா வாயை மூடி நேரே பார்த்தார். அம்மா பாராட்டுவா என்று பல்லை இளித்துக்கொண்டு நின்றேன் நான்.

“வடிவாக் கீறியிருக்கிறார்,” என்றா. பிறகு மெல்லச் சொன்னா. “ஐடென்ரிக் காட் படத்துக்கு ஸ்ரூடியோக்காரன் நாலு தரம் பேசித்தான் உந்த வாயை மூட வைச்சவன். வீட்டில இப்பிடி நான் ஒருநாளும் காணேல்லை. அந்த உடைஞ்ச பல்லும் தெரிய எந்த நேரமும் சிரிப்புத்தான்.”

ஐயர் மந்திரம் சொல்லத் தொடங்கினார். என் கண் அந்த மூடிய வாயிலேயே இருந்தது.

அடுத்த நாளே படத்தைக் காரில் வைத்துக்கொண்டு அங்கிளிடம் ஓடினேன். திரும்பச் சிரிக்க வையுங்கோ என்று கெஞ்சினேன். மேலே பூசிய பெயின்றை அவர் வாயோரத்தில் கொஞ்சம் சுரண்டிப் பார்த்தபோது மட்டையும் சேர்ந்து கழன்றது. அவர் புது மட்டை ஒன்றை மேசையில் வைத்து, தூரிகையைத் தோய்த்து, கண்ணை மூடினார். தூரிகையிலிருந்து பெயின்ற் சொட்டும்வரை அப்படியே இருந்தார்.

“வரேல்லை பிள்ளை. கண்ணை மூடினால் நீங்கள் காட்டின படம்தான் வருது.”

என்ன வேலை பார்த்துவிட்டேன்! எனக்கு முகமே தெரியாத அப்பாவை, தெரிந்து வைத்திருந்தவரிடமிருந்தும் பறித்துவிட்டேன்.

அவர் தூரிகையைத் துடைத்து வைத்தார்.

“அம்மாவுக்கு அவன்ர சிரிப்பு ஞாபகம் இருக்கோ?”

“ஓம் அங்கிள்.”

“அப்ப உந்தப் படத்தை இங்கயே விட்டிட்டுப் போங்கோ. அவ அடிக்கடி பாக்க வேண்டாம்.”